எருமைத் தயிரில் காணாமல் போன கோடு

மூன்று வாரமாக எனக்கு ஒரு கோடு வரவில்லை. புரதங்களை அளவு வாரியாகப் பிரிக்கிற ஜெல்லில், 18 கிலோ டால்டன் (புரதத்தின் நிறையைச் சொல்கிற அலகு) அளவில் தெளிவாக நிற்க வேண்டிய பீற்றா லக்டோகுளோபியூலின் கோடு. பாலைத் திரைய வைத்து மேலே தெளிகிற நீரை எடுத்தால், அதில் இருக்கிற புரதத்தில் ஏறக்குறையப் பாதி அதுதான். எனக்கோ அந்த இடத்தில் மங்கலாக ஒரு நிழல் மட்டும். முதலில் ஜெல்லைக் குறை சொன்னேன், பிறகு பஃபரை (பி.எச். மாறாமல் பிடித்து வைக்கிற கரைசல்), பிறகு என் கையை. பதில் கடைசியில் மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே படுவான்கரையில் பெரியம்மா வீட்டு அடுப்பில் இருந்தது. அதற்கு வர முன், அந்த மூன்று வாரத்திலும் அதற்கு முந்திய ஒரு வருசத்திலும் ஜெல் பற்றிக் கற்றுக்கொண்டதை எழுதி வைக்கிறேன். நான் தொடங்கியபோது எங்கள் பக்கத்துச் சூட்டுக்கும் ஈரத்துக்கும் பொருத்தமாக இதைத் தமிழில் சொல்லித்தர எனக்கு ஆள் கிடைக்கவில்லை.

மட்டக்களப்பில் ஒரு சிறிய ஆய்வுகூடத்தில் எருமைத் தயிரின் புரதங்களைப் பிரித்துப் பார்ப்பது என் வேலை. யோசித்துப் பார்த்தால் தயிர்ச் சட்டியே ஒரு புரதப் பிரிப்புத்தான். பால் புரதத்தில் 80 சதவீதம் அளவு கேசின். உறையில் இருக்கிற பற்றீரியா பால் சர்க்கரையான லக்ரோசைத் தின்று அமிலத்தை விட, பி.எச். மெல்ல மெல்ல இறங்கி 4.6ஐ நெருங்கும்போது கேசினின் நேர் மின்னேற்றமும் எதிர் மின்னேற்றமும் சமமாகி, ஒன்றையொன்று தள்ளிவிடும் விசை இல்லாமல் போய், எல்லாம் சேர்ந்து கட்டியாகிவிடுகிறது. மற்றப் புரதங்கள் தெளிநீரில் நிற்கின்றன. புத்தகத்தில் சமமின்னேற்றப் புள்ளி என்று படித்தபோது எனக்கு ஏறவில்லை, சட்டியைப் பார்த்த பிறகு ஏறியது.

ஆனால் சட்டி இரண்டாக மட்டும்தான் பிரிக்கும். தெளிநீருக்குள் என்னென்ன இருக்கிறது என்று பார்க்க எஸ்.டி.எஸ். ஜெல் வேண்டும். எஸ்.டி.எஸ். என்பது ஒரு வகைச் சவர்க்காரம். சூடாக்கிய புரதத்தில், 1 கிராம் புரதத்துக்குச் சுமார் 1.4 கிராம் என்ற கணக்கில் ஒட்டிக்கொள்கிறது. அதனால் சுருண்டு கிடந்த புரதம் விரிந்து, அதன் சொந்த மின்னேற்றம் மறைந்து, எல்லாப் புரதத்துக்கும் நிறைக்கு ஏற்ற எதிர் மின்னேற்றம் வந்துவிடுகிறது. பிறகு கரண்ட் கொடுத்தால் எல்லாம் நேர் முனையை நோக்கி ஓடும். யார் முந்துவது என்பதை ஜெல்லின் துளைதான் தீர்மானிக்கிறது. வாவி ஓரத்தில் கண்டல் வேர்களுக்குள் மீன் போவதைப் பார்த்தவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை, குஞ்சு நழுவிப் போகும், பெரியது முட்டி முட்டித்தான் போகும்.

மேலே இருக்கிற அடுக்கு ஜெல்லைப் பலர் சும்மா ஒரு மூடி மாதிரி நினைக்கிறார்கள், நானும் நினைத்தேன். அந்த அடுக்கில் பி.எச். 6.8. அங்கே குளோரைட்டு அயன் வேகமாக முன்னால் ஓட, ஓட்டுகிற பஃபரில் இருந்து வந்து மின்னேற்றம் கிட்டத்தட்ட இல்லாமல் போன கிளைசீன் பின்னால் இழுபட, நடுவில் சிக்கிய புரதங்கள் எல்லாம் ஒரு மெல்லிய கோடாக நெருங்கி வரிசை கட்டுகின்றன. பழைய கல்லடிப் பாலத்தில் ஒரு வாகனம் மட்டும் போகிற அகலத்தில் எல்லாரும் வரிசைக்கு வந்தது போல. கீழ் ஜெல்லில் பி.எச். 8.8 ஆனதும் கிளைசீன் மின்னேற்றம் பெற்றுப் புரதங்களைத் தாண்டி ஓடிவிடும், அதற்குப் பிறகு அளவைப் பொறுத்த ஓட்டம். இந்த முறையை லெம்லி 1970இல் ரி4 வைரசின் தலைப் புரதங்களைப் பார்ப்பதற்காக நேச்சர் சஞ்சிகையில் எழுதினார், இன்று வரை நாங்கள் அதே பஃபரைத்தான் கரைக்கிறோம். இதை ஏன் சொல்கிறேன் என்றால், ஓட்டுகிற பஃபரின் பி.எச். சரியாக இல்லை என்று பார்த்து ஐதரோகுளோரிக் அமிலம் விட்டுச் சரிசெய்கிற பழக்கம் சிலரிடம் இருக்கிறது. விடக்கூடாது. அமிலத்தோடு குளோரைட்டும் போய், அந்த வரிசை கட்டும் வேலை குழம்பிவிடும். 1 லீற்றருக்கு, பி.எச்.ஐப் பிடித்து வைக்கிற ட்ரிஸ் 3 கிராம், கிளைசீன் 14.4 கிராம், எஸ்.டி.எஸ். 1 கிராம் நிறுத்துப் போட்டால் பி.எச். தானாக 8.3 பக்கம் வந்து நிற்கும். வரவில்லை என்றால் நிறுத்ததில் பிழை, திரும்ப நிறுத்துப் போடுங்கள்.

இனி ஜெல் உறையாத கதை. மாரி தொடங்கி ஒரு கிழமை விடாமல் பெய்த நேரம், நான் ஊற்றிய ஐந்து ஜெல்லில் நான்கு உறையவில்லை. கண்ணாடித் தகடுகளுக்கு நடுவில் கஞ்சி மாதிரி நின்றது. உறைவதை வேகப்படுத்துகிற டெமெட்டைக் கூட்டினேன், இரண்டு மணி நேரம் காத்திருந்தேன், ஒன்றும் நடக்கவில்லை. குற்றவாளி, உறைவதைத் தொடக்கி வைக்கிற அமோனியம் பேர்சல்பேற்று. அந்தப் போத்தலைத் திறந்து திறந்து மூடியதில் ஈரம் இழுத்து, உள்ளே தூள் கட்டி கட்டியாகிக் கிடந்தது. நல்ல பேர்சல்பேற்றுக்கு ஒரு அடையாளம் உண்டு, 0.1 கிராமில் 1 மில்லிலீற்றர் தண்ணீர் விட்டவுடன் மெல்லிய படபட சத்தம் கேட்கும். சத்தம் இல்லாவிட்டால் அந்தப் போத்தலை நான் நம்புவதில்லை. இப்போது புதுப் போத்தல் வந்ததும் சிறு குப்பிகளாகப் பிரித்து, சிலிக்கா ஜெல் பைகளோடு இறுக்கமான டப்பாவில் வைக்கிறேன். கரைத்ததை ஒரு கிழமைக்கு மேல் வைப்பதில்லை, மாரியில் அன்றன்றைக்கே கரைக்கிறேன்.

கோடையில் இதற்கு நேர் எதிர். அறைக்குள் 33 பாகை இருக்கிற மத்தியானத்தில் டெமெட் விட்டு ஐந்து நிமிடத்தில், பைப்பெட்டில் எடுக்கும்போதே ஜெல் இறுகத் தொடங்கிவிடும். அந்த நாட்களில் ஜெல்லாக உறைகிற அக்ரிலமைட் கலவையை ஐசில் பத்து நிமிடம் வைத்துவிட்டுத்தான் டெமெட் விடுகிறேன். ஊற்றியவுடன் மேலே ஐசோபுரொப்பனோல் மெல்லிய படையாக விட வேண்டும், காற்றில் இருக்கிற ஒட்சிசன் உறைவதைத் தடுக்கும் என்பதற்காகவும் விளிம்பு நேராக வருவதற்காகவும். மீதிக் கலவையைக் கொட்டாமல் குழாயிலேயே விடுங்கள். அது உறைந்தால் தகட்டுக்குள் இருப்பதும் உறைந்திருக்கும், உறைந்த பிறகு கழிவாகப் போடுவதும் பாதுகாப்பு. உறையாத அக்ரிலமைட் நரம்பைப் பாதிக்கிற நஞ்சு, தோல் வழியாகவும் போகும். சூடு என்று கையுறையைக் கழற்றுகிறவர்களை நான் பார்த்திருக்கிறேன். தயவுசெய்து வேண்டாம். நான் 15 சதவீத ஜெல்லுக்கு, 10 மில்லிலீற்றரில் தண்ணீர் 2.3, 30 சதவீத அக்ரிலமைட் கலவை 5, பி.எச். 8.8 ட்ரிஸ் 2.5, 10 சதவீத எஸ்.டி.எஸ். 0.1, பேர்சல்பேற்று 0.1, டெமெட் 4 மைக்ரோலீற்றர் எடுக்கிறேன். 12 சதவீதம் என்றால் அக்ரிலமைட் 4, தண்ணீர் 3.3. முக்கியமான பால் புரதங்களில் சிறியது 14 கிலோ டால்டன், அதற்கு 15தான் நல்லது.

ட்ரிஸ் பற்றி ஒரு விசயம். அதன் பி.எச். சூட்டோடு மாறும், ஒரு பாகைக்கு ஏறத்தாழ 0.028. 25 பாகையில் 8.8 ஆக இருந்தது 32இல் 8.6 ஆகிவிடும். இதை விடப் பெரிய பிழை எங்கே வரும் என்றால், செறிந்த அமிலம் விட்டதும் கரைசலே சூடாகும், அந்தச் சூட்டோடு 8.8 என்று பார்த்து நிறுத்திவிட்டால் ஆறிய பிறகு 9ஐத் தாண்டி நிற்கும். எனக்கு ஒரு மாதம் ஜெல்கள் ஒரே மாதிரி ஓடாமல் இருந்ததற்கு இதுதான் காரணம். இப்போது அமிலம் விட்டு, ஆற விட்டு, வெப்பமானி வைத்துப் பார்த்து, அதற்குப் பிறகுதான் கடைசிச் சொட்டுகளை விடுகிறேன்.

ஓடும்போது கோடுகள் நடுவில் முந்தி ஓரத்தில் பிந்தி, சிரித்த வாய் மாதிரி வளைந்தால் சூடுதான் காரணம். ஜெல்லின் நடுப்பகுதி ஓரத்தை விடச் சூடாகி அங்கே புரதம் வேகமாக ஓடுகிறது. குளிரூட்டிய அறைக்காக எழுதப்பட்ட குறிப்பில் 200 வோல்ற் என்று இருப்பதை அப்படியே எடுத்து மின்விசிறி மட்டும் சுற்றுகிற அறையில் போட்டால் இதுதான் நடக்கும். நான் அடுக்கு ஜெல்லில் 80, கீழே வந்ததும் 110 வைக்கிறேன். இரண்டு மணி நேரம் பிடிக்கும், பிடிக்கட்டும். தாங்கியை ஒரு பிளாஸ்டிக் பேசினில் வைத்துச் சுற்றிவர ஐஸ் போடுகிறேன், மீன் யாவாரம் செய்கிற ஒரு அண்ணன் காலையில் ஒரு பை தூள் ஐஸ் தருவார். ஐஸ் வெளியே மட்டும், பஃபருக்குள் போடக்கூடாது. அளவுக்கு மீறிக் குளிர்ந்தாலும் எஸ்.டி.எஸ். வெள்ளையாகப் படியத் தொடங்கும், அதையும் கவனிக்க வேண்டும். பேசினில் தண்ணீர் நிற்பதால் மூடியைத் தொட முன் கட்டாயம் கரண்டை நிறுத்துங்கள்.

2022இல் நாடு முழுக்க மின்வெட்டு, மார்ச் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணி நேரம் வரை போனது. அந்த நாட்களில் ஜெல்லை நேரசூசி பார்த்துத்தான் தொடங்கினோம். கரண்ட் நின்றால் புரதம் நின்ற இடத்தில் நிற்காது, மெல்லப் பரவும். பத்து நிமிடம் என்றால் பாதகமில்லை, ஒரு மணி நேரம் நின்றால் கோடு பஞ்சு மாதிரி ஆகிவிடும். சாயம் போடுகிற கட்டத்துக்கு வந்துவிட்டால் பயமில்லை, அமிலச் சாயத்தில் புரதம் ஜெல்லுக்குள்ளேயே படிந்துவிடும். அதனால் எங்கள் ஒழுங்கு இப்படி இருந்தது: கரண்ட் இருக்கிற நேரம் முழுக்க ஓட்டத்துக்கு, இல்லாத நேரத்தில் ஜெல் ஊற்றுவதும் சாயமும் கழுவுவதும். கரண்ட் போனவுடன் மின்வழங்கியின் ஆளியை நிறுத்திவிட வேண்டும், திரும்ப வரும்போது வருகிற ஏற்றத்தில் ஒரு கருவி பழுதாகி மாதக்கணக்கில் காத்திருந்தோம்.

அந்தக் காலத்தில்தான் மெத்தனோலும் அசற்றிக் அமிலமும் வாங்க முடியாத விலைக்குப் போயின. எங்கள் ஆய்வுகூட மேடம் ஒரு சிக்கனமான சாயம் காட்டித்தந்தார், இன்றும் அதுவே பாவிக்கிறேன். கூமாசி ஜி-250 இல் 80 மில்லிகிராமை 1 லீற்றர் வடிநீரில் இரண்டு மணி நேரம் கலக்கி, செறிந்த ஐதரோகுளோரிக் அமிலம் 3 மில்லிலீற்றர் விட்டால் போதும். ஜெல்லை முதலில் வெந்நீரில் மூன்று தரம் கழுவி எஸ்.டி.எஸ்.ஸை வெளியேற்ற வேண்டும், இதை அவசரப்பட்டு விட்டால் சாயம் பிடிக்காது. பிறகு சாயத்தில் போட்டுக் கொதிக்க விடாமல் சூடாக்கினால் அரை மணிக்குள் கோடுகள் தெரியும். கழுவுவதற்கும் தண்ணீர்தான். ரிசுக் கடதாசியைச் சுருட்டி ஒரு மூலையில் போட்டு வைத்தால் மிஞ்சிய சாயத்தை அது குடித்துக்கொள்ளும்.

நிறை தெரிந்த புரதக் கலவை, அதாவது மார்க்கர், இன்னொரு பெரிய செலவு. பயிற்சி ஜெல்லுக்கு நான் கடை முட்டையின் வெள்ளைக்கருவைப் பாவிக்கிறேன். அதில் ஓவல்புமின் 45 கிலோ டால்டன், ஓவோரான்ஸ்பெரின் 76 முதல் 78, லைசோசைம் 14.3. வெள்ளைக்கருவில் பத்தில் ஒரு பங்கு புரதம், 100 மடங்கு ஐதாக்கினால் மைக்ரோலீற்றருக்கு 1 மைக்ரோகிராம் அளவு. லைசோசைம் குறைவாக இருப்பதால் அந்தக் கோடு தெரிய 20 மைக்ரோகிராம் ஏற்ற வேண்டும். ஆய்வறிக்கைக்குப் போகிற ஜெல்லில் மட்டும் உண்மையான மார்க்கர். ஒவ்வொரு கோடும் ஓடிய தூரத்தைச் மாதிரியோடு ஓடவிடுகிற சாயத்தின் முனை ஓடிய தூரத்தால் வகுத்து, அதற்கு எதிரே நிறையின் மடக்கையைக் குறித்தால் ஏறக்குறைய நேர்கோடு வரும். ஏறக்குறையத்தான். பெரும்பாலான கேசின்களின் உண்மையான நிறை 24 கிலோ டால்டன் பக்கம், ஆனால் ஜெல்லில் 30 பக்கமாக வந்து நிற்கும். இது தெரியாமல் நான் அவற்றை வேறு புரதம் என்று ஒரு பக்கம் எழுதி, பிறகு வெட்டினேன்.

மாதிரியைத் தயார்படுத்துவதில் மூன்று விசயம். எருமைப் பாலில் கொழுப்பு அதிகம், குளிரில் மையநீக்கியில் சுற்றி மேலே கட்டுகிற கொழுப்பை வழித்து எடுக்காவிட்டால், ஜெல்லில் அந்த மாதிரி ஓடுகிற தடம் இழுபட்டு அழுக்காகும். இரண்டாவது உப்பு. அமோனியம் சல்பேற்றுப் போட்டுப் படிய வைத்த மாதிரியைக் உப்பை மட்டும் வெளியே விடுகிற கூழ்பிரிப்புப் பையில் ஒரு இரவு குளிரில் வைத்துப் பஃபரை இரண்டு மூன்று தரம் மாற்றாமல் ஏற்றினால், அந்தத் தடம் மட்டும் இல்லை, பக்கத்துத் தடமும் நெளியும். பொற்றாசியம் உப்பு இன்னும் மோசம், எஸ்.டி.எஸ்.ஸோடு சேர்ந்து வெள்ளையாகப் படிந்துவிடும். மூன்றாவது அளவு. சாயத்தின் நிற மாற்றத்தை வைத்துப் புரத அளவைப் பார்க்கிற பிராட்போர்ட் முறையில் அளக்கிறவர்கள் எஸ்.டி.எஸ். உள்ள பஃபர் சேர்க்க முன் அளக்க வேண்டும், சேர்த்த பிறகு அளந்தால் எஸ்.டி.எஸ்.ஸே சாயத்தின் நிறத்தை மாற்றிப் பொய் சொல்லும். தடத்துக்கு 10 மைக்ரோகிராம் போதும். கூட ஏற்றினால் கூடத் தெரியும் என்று நினைத்து நான் 60 ஏற்றிய ஜெல்லில் கேசின் ஒரு கறுத்த திட்டாக வந்து சுற்றியிருந்த எல்லாவற்றையும் விழுங்கிவிட்டது.

சரி, அந்தக் கோடு.

மாதிரிகள் எல்லாம் படுவான்கரையில் இருந்து வந்த சட்டித் தயிர், தெளிநீரை எடுத்து ஓடவிட்டேன். 14இல் அல்பா லக்டல்புமின் என்ற இன்னொரு தெளிநீர்ப் புரதம் மெல்லிதாகத் தெரிந்தது, 18இல் ஏறக்குறைய வெறுமை. புதிய பேர்சல்பேற்று, புதிய பஃபர், புரதங்களுக்கு இடையே உள்ள கந்தகப் பிணைப்பை உடைக்கிற மேர்கப்டோஎதனோலும் புதிதாக, கூட ஏற்றம், குறைந்த ஏற்றம், எல்லாம் செய்து ஒன்பது ஜெல் போனது. பற்றீரியா இந்தப் புரதத்தைத் தின்றுவிட்டதோ என்று கூட ஒரு பக்கம் எழுதினேன். அந்த ஞாயிறு அடுத்த மாதிரி எடுக்கப் பெரியம்மா வீட்டுக்குப் போயிருந்தேன். அவர் பால் காய்ச்சிக்கொண்டிருந்தார், நான் பக்கத்தில் இருந்து பேசிக்கொண்டிருந்தேன். பால் பொங்கி, அடங்கி, திரும்பப் பொங்கி, அப்படியே அரை மணி நேரம் போயிருக்கும். ஏன் இவ்வளவு நேரம் என்று கேட்டேன்.

"ஓம் புள்ள, நல்லாக் காய்ச்சி ஆற விட்டுத்தான் உறை ஊத்துற. பச்சைப் பால்ல ஊத்தினாத் தயிர் கட்டியா வராது, தண்ணி விட்டுரும்" என்றார்.

தண்ணி விட்டுரும். பஸ்ஸில் திரும்பி வரும்போது அந்த வார்த்தைதான் மனதில் ஓடியது. 70 பாகைக்கு மேலே பீற்றா லக்டோகுளோபியூலின் விரியத் தொடங்கும். விரியும்போது உள்ளே மறைந்திருந்த ஒரு கந்தகக் குழு வெளியே வந்து, கேசினில் ஒரு வகையான கப்பா கேசினோடு இருசல்பைட்டுப் பிணைப்பு, அதாவது கந்தகத்தோடு கந்தகம் சேர்கிற பிணைப்புப் போட்டுக்கொள்ளும். அது வகுப்பில் படித்தது. அப்படியென்றால் உறை ஊற்றும்போதே அந்தப் புரதம் கேசினின் கையைப் பிடித்துவிட்டது, கேசின் கட்டியாகும்போது இதுவும் கட்டிக்குள் போகிறது, தண்ணீரைக் கூட இறுக்கிப் பிடிக்கிறது, தயிர் கட்டியாக நிற்கிறது. நான் அதைத் தெளிநீரில் தேடிக்கொண்டிருந்தேன்.

அடுத்த ஜெல்லில் ஐந்து தடம் வைத்தேன். ஒன்றில் பெரியம்மாவின் தயிர்த் தெளிநீர். இரண்டாவதில் அதே எருமையின் பச்சைப் பாலை அசற்றிக் அமிலம் சொட்டுச் சொட்டாக விட்டு பி.எச். 4.6க்குக் கொண்டுவந்து எடுத்த தெளிநீர். மூன்றாவதும் நான்காவதும் தயிரின் கட்டி, ஒன்று மேர்கப்டோஎதனோல் சேர்த்து, மற்றது சேர்க்காமல். கடைசியில் பச்சைப் பாலின் கட்டி. இதில் ஒரு கவனம், மேர்கப்டோஎதனோல் ஜெல்லுக்குள் பக்கத்துத் தடத்துக்குப் பரவும், அதனால் சேர்த்ததற்கும் சேர்க்காததற்கும் இடையே குறைந்தது ஒரு குழியையாவது வெறும் பஃபரோடு விட வேண்டும். எல்லா மாதிரியையும் 95 பாகையில் 5 நிமிடம் வைத்தேன், எங்களிடம் சூடாக்கும் கட்டை இல்லாததால் கொதிநீர்ச் சட்டியில் குழாய்களை மிதக்கவிட்டு, மூடி தெறிக்காமல் ஊசியால் சின்னத் துளை போட்டு.

பச்சைப் பாலின் தெளிநீரில் 18இல் கோடு கறுத்து நின்றது. ஜெல் சரி, பஃபர் சரி, கையும் சரி. தயிர்த் தெளிநீரில் வழமைபோல நிழல். தயிர்க் கட்டியில் மேர்கப்டோஎதனோல் சேர்த்த தடத்தில், கேசின் கோடுகளுக்குக் கீழே, நான் மூன்று வாரம் தேடிய அதே 18. சேர்க்காத தடத்தில் அது இல்லை, பதிலாகக் குழியின் அடி விளிம்பிலேயே ஒரு தடித்த கறை ஜெல்லுக்குள் இறங்க முடியாமல் நின்றது. பிணைப்பை உடைத்தால் வருகிறது, உடைக்காவிட்டால் பெரிய கூட்டமாக வாசலிலேயே நிற்கிறது. ஜெல் தட்டை வெளிச்சப் பெட்டியில் வைத்து மேடமைக் கூப்பிட்டேன். அவர் கனநேரம் பார்த்துவிட்டு, "பால் எத்தனை நிமிசம் காய்ச்சினது என்று கேட்டியா?" என்றார். கேட்டிருக்கவில்லை.

இப்போது மாதிரிப் புத்தகத்தில் புதிய நிரல்கள் போட்டிருக்கிறேன். பால் கறந்த நேரம், காய்ச்சினதா, எத்தனை நிமிடம், விறகா காஸா, உறை ஊற்றும்போது எவ்வளவு சூடு, எத்தனை மணி நேரம் வைத்தது. காய்ச்சும் நேரத்தை 5, 10, 20, 30 நிமிடம் என்று பிரித்து அதே பாலில் நான்கு சட்டி வைப்பதற்குப் பெரியம்மா சம்மதித்திருக்கிறார். 5 நிமிடச் சட்டி சரியாக உறையாது என்று இப்போதே சொல்லிவிட்டார், ஜெல் ஞாயிறு இரவு.